கல்லு நட்டாச்சு, பட்டா மாறலை

எங்க வீட்டுப் பெட்டியில் 1978ல் எழுதின ஒரு கூர்ச்சீட்டு இருக்கு. தளி பக்கம் உள்ள நாலு ஏக்கர் சொச்சம் மானாவாரிக் காட்டை அப்பாவும் சித்தப்பாவும் பிரிச்சுக்கிட்ட காகிதம். தாத்தா சாட்சிக் கையெழுத்து. பதிவு கிடையாது. எங்க பக்கம் பல வீடுகளில் இருக்கிற மாதிரி இதுவும் தெலுங்கில்தான். "புளியமரத்துக்குக் கிழக்கே பெரியவனுக்கு, மேற்கே சின்னவனுக்கு." அந்த மரம் இப்போ இல்லை. அப்பாவும் சித்தப்பாவும் பேசி எட்டு வருஷம் ஆச்சு. கேஸ் நடக்குது.

கண்ணெதிரே பிரிச்ச நிலத்துக்கு ஏன் இத்தனை வாய்தா? இதைப் புரிஞ்சுக்கத்தான் பழைய தீர்ப்புகளைப் படிக்க ஆரம்பிச்சேன். "பிரிச்சாச்சு"ன்னு நாம ஒரே வார்த்தையில் சொல்றது சட்டத்தில் மூணு தனித்தனி வேலை.

முதல் வேலை, பங்கைப் பிரிப்பது. 1866ல் சென்னை மாகாணத்திலிருந்து லண்டன் பிரிவி கவுன்சில் வரை போன அப்போவியர் எதிர் ராமசுப்பா அய்யன் வழக்கு இதுக்கு அடிப்படை. யாருக்கு எத்தனை பங்குன்னு குடும்பத்தார் ஒப்புக்கொண்டாலே கூட்டுக் குடும்பம் பிரிஞ்ச மாதிரிதான், நிலத்தை அளந்து கல்லு நடலைன்னாலும் சரின்னு வெஸ்ட்பரி பிரபு தீர்ப்புச் சொன்னார். ஆக, பங்கு பிரிஞ்சும் நிலம் ஒண்ணாவே கிடக்கலாம்.

ரெண்டாவது, தரையைப் பிரிப்பது. பாகக் கேஸில் கோர்ட்டும் இதைத் தனியாத்தான் செய்யுது. முதல்நிலைத் தீர்ப்பாணையில் பங்கு மட்டும்தான் வரும். அப்புறம் அட்வகேட் கமிஷனர் சர்வேயரோட வந்து அளந்து, அறிக்கை போட்டு, அதுக்கு ஆட்சேபணை கேட்டு, அதுக்கும் பிறகுதான் இறுதித் தீர்ப்பாணை.

மூணாவது, பட்டாவைப் பிரிப்பது. இதுக்கு 1792க்குப் போகணும். மூணாவது மைசூர்ப் போருக்குப் பிறகு பாராமகால், அதாவது இன்றைய கிருஷ்ணகிரி, தருமபுரிப் பக்கம், கம்பெனி கைக்கு வந்தது. கேப்டன் அலெக்சாண்டர் ரீடும் அவருக்கு உதவியா தாமஸ் மன்றோ முதலானவங்களும் நிலங்களை அளந்து தீர்வை கட்டினாங்க. ரயத்வாரி முறை முளைவிட்டது இங்கேதான். அவங்களுக்கு வேண்டியது, இந்த நிலத்துக்கு வரி கட்டுறது யார் என்பது. அண்ணன் தம்பி கணக்கு அவங்களுக்கு எதுக்கு? வருவாய்ப் பதிவேடு மட்டுமே உரிமையைத் தராதுன்னு கோர்ட்டுகள் இன்னிக்கும் சொல்றது இதனால்தான். எங்க பட்டா இன்னும் தாத்தா பேரில்தான் இருக்கு. உட்பிரிவு கேட்டு யாரும் மனுவே போடலை.

ஏன் போடலை? ராகி விளையற மேட்டுக்காடு. மனு போட அலையற செலவே நிலத்தின் மதிப்புக்குப் பாதி ஆகிடும். அப்புறம் சிப்காட் வந்தது. 1980ல் அசோக் லேலண்ட் வந்தது. பின்னாலேயே பெங்களூரும் அத்திப்பள்ளி தாண்டி நகர்ந்து வந்தது. ஏக்கரில் பேசின நிலத்தைச் சதுர அடியில் பேச ஆரம்பிச்சாங்க.

"நாற்பது வருஷமா நான்தான் உழறேன், அனுபவம் என்னுது" என்பது சித்தப்பாவின் வாதம். ஆனா உச்ச நீதிமன்றம் 1956லேயே, பி. லட்சுமி ரெட்டி எதிர் எல். லட்சுமி ரெட்டி வழக்கில் (ரெண்டு தரப்புக்கும் ஒரே பேர்!), கூட்டுப் பங்காளி ஒருத்தரின் அனுபவம் எல்லாப் பங்காளிக்கும் சேர்ந்த அனுபவம்தான்னு சொல்லிடுச்சு. உனக்கு உரிமை இல்லைன்னு வெளிப்படையா மறுத்து, மத்தவங்களுக்குத் தெரிய அனுபவிச்சால்தான் பன்னிரண்டு வருஷக் கணக்கே தொடங்கும். அதனால் பாகம் நடந்ததை நிரூபிக்க வேண்டி வருது. கூர்ச்சீட்டைத் தேடுறது அதுக்குத்தான்.

இங்கே ஒரு சிக்கல். பாகத்தையே உண்டாக்குற காகிதம்னா பதிவு செஞ்சிருக்கணும். ஏற்கெனவே வாய்மொழியா நடந்து முடிஞ்ச பாகத்தைக் குறிச்சு வைக்கிற காகிதம்னா பதிவு தேவையில்லை. கேஸே வினைச்சொல்லின் காலத்தில் நிக்குது! எங்க சீட்டில் "பஞ்சுகுன்னாமு"ன்னு இருக்கு, அதாவது பிரித்துக்கொண்டோம். கோர்ட்டுக்காகத் தமிழில் பெயர்த்தவர் "பிரித்துக்கொள்கிறோம்"னு எழுதிட்டார். அதைத் திருத்தவே ஒன்றரை வருஷம் போச்சு.

இத்தனைக்கும் நடுவில் அத்தையை யாரும் நினைக்கலை. சீட்டில் அவங்க பேரே இல்லை. 1989ல் தமிழ்நாடு மகள்களுக்குச் சம பங்கு தந்தது, ஆனா அதுக்கு முன்னாடி கல்யாணமானவங்களை விட்டுடுச்சு. 2005ன் மத்தியச் சட்டத் திருத்தத்தில் அந்த விலக்கு இல்லை. 2004 டிசம்பர் 20க்கு முன்னாடி முறையா நடந்த பாகத்தை மட்டும் அது தொடலை. 2020ல் வினீதா சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம், வாய்மொழிப் பாகத்தை லேசில் ஏற்க முடியாது, அரசு ஆவணம் துணை நின்னால் அரிதா ஏற்கலாம்னு சொன்னது.

1978லேயே பட்டாவை உட்பிரிவு செஞ்சிருந்தா அதுதான் அந்த ஆவணம். மூணு டேபிளில் ஒண்ணை மட்டும் அப்டேட் பண்ணி, மத்த ரெண்டையும் அப்படியே விட்டுட்டோம். பாகம் நிற்கலைன்னா புளியமரக் கோடும் நிற்காது. அப்போ அத்தைக்கும் பங்கு உண்டு. அது நியாயம்னுதான் எனக்குத் தோணுது, அப்பாகிட்ட இன்னும் சொல்லலை.

உங்க வீட்டிலும் இப்படி ஒரு சீட்டு இருந்தா, கையெழுத்துப் போட்டவங்க இருக்கும்போதே, அக்கா தங்கச்சிகளையும் உட்கார வெச்சுப் பேசிப் பதிவு பண்ணிடுங்க.