வைட்டமின்: ஒரு சொல்லின் வரலாறு

சொற்களுக்கும் பிறப்பும் வளர்ப்பும் உண்டு. சில சொற்கள் புலவர் நாவிற் பிறந்தன; சில வணிகரோடு கலமேறி வந்தன. விஞ்ஞானக் கலைச்சொற்களோ பெரும்பாலும் ஆராய்ச்சிக்கூடத்தின் நான்கு சுவர்களுக்குள்ளே பிறந்து, அறிஞர் சிலரன்றிப் பிறர் அறியாமலே வாழ்ந்து வருகின்றன. உயிர்வேதியியல் ஈன்றளித்த சொற்களுள் ஒன்று மட்டும் இவ்விதிக்கு விலக்காகி, நம் அடுக்களை வரையில் வந்து குடிபுகுந்துவிட்டது. அதுவே ‘வைட்டமின்’. கீரை ஆயும்போதும், பழம் வாங்கும்போதும், மருத்துவரைக் காணும்போதும் இச்சொல்லை வழங்காத குடும்பம் இன்று இல்லை எனலாம். ஆயினும் அதன் பொருள் யாது, அது பிறந்த வரலாறு யாது என எண்ணிப் பார்ப்போர் சிலரே. அரிசியுண்ணும் மக்களின் துயரத்திலே பிறந்த சொல் அது. கடல் கடந்து உழைக்கச் சென்ற தமிழரின் சோற்றுப் பானைக்கும் அவ்வரலாற்றில் ஓர் இடம் உண்டு.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கீழை நாடுகளிலே ‘பெரிபெரி’ என்னும் கொடிய நோய் பரவலாயிற்று. கால்கள் மரத்துப்போகும், நடை தளரும், சிலருக்கு உடல் வீங்கும், இறுதியில் இதயம் ஓய்ந்து உயிர் நீங்கும். இயலாமையைக் குறிக்கும் சிங்களச் சொல்லிலிருந்து இப்பெயர் வந்தது என்பர். படைவீடுகளிலும் சிறைகளிலும் கப்பல்களிலும் சுரங்கங்களிலும் இந்நோய் மக்களை வாரிக்கொண்டு போயிற்று. நீராவியால் இயங்கும் அரிசி ஆலைகள் பெருகிய காலமும் அதுவே. உரலிலிட்டுக் கையாற் குற்றிய அரிசியில் தவிடு ஓரளவு ஒட்டியிருக்கும். ஆலையோ அதனை முற்றும் நீக்கி, முத்துப்போல் வெண்மையான அரிசியைத் தந்தது. வெண்மையைக் கண்டு மயங்கிய மக்கள், அவ்வெண்மைக்குக் கொடுத்த விலையை அறிந்தாரல்லர்.

இந்நோயின் காரணத்தைத் தேடியவர்களின் கதை வியப்புக்குரியது. ஏறக்குறைய ஒவ்வொருவரும் பாதி உண்மையைக் கண்டனர், மறுபாதியில் தவறினர். ஜப்பானியக் கடற்படை மருத்துவர் தக்காக்கி கானேகிரோ முதலிற் குறிக்கத்தக்கவர். 1882-83ஆம் ஆண்டுகளில் நெடும்பயணம் சென்ற ஒரு கப்பலில் 376 பேருள் 169 பேர் பெரிபெரியுற்றனர். 25 பேர் மாண்டனர். 1884இல் அதே வழியிற் சென்ற மற்றொரு கப்பலுக்குத் தக்காக்கி உணவை மாற்றி அமைத்தார்; அரிசியைக் குறைத்து, இறைச்சி முதலியவற்றைக் கூட்டினார். அப்பயணத்தில் ஒருவரும் பெரிபெரியால் இறக்கவில்லை. மருந்து சரியே, ஆனால் அவர் கூறிய காரணம் சரியன்று. உணவிலே புரதம் குறைந்ததே நோய்க்கு மூலம் என்று அவர் கருதினார்.

அடுத்து வருபவர் டச்சு மருத்துவர் கிறிஸ்தியான் எய்க்மன். ஜாவாத் தீவின் பட்டேவியா நகரில், அதாவது இன்றைய ஜாகர்த்தாவில், அவர் ஆராய்ச்சி நடத்தினார். அவர் வளர்த்த கோழிகள் பெரிபெரியை ஒத்த நோயால் கால் தளர்ந்து வீழ்ந்தன. பின்னர்த் தாமாகவே தேறின. காரணத்தைத் துருவியபோது உண்மை வெளிப்பட்டது. மருத்துவமனையில் மிஞ்சிய வெள்ளரிசிச் சோற்றை உண்ட காலத்தில் கோழிகள் நோயுற்றன. புதிதாய் வந்த சமையற்காரர், படையினருக்குரிய அரிசியைக் கோழிக்கு இடுவதற்கு இசையாது நிறுத்திவிட, அவை நலம் பெற்றன! தவிட்டிலே நோய் தீர்க்கும் பொருளொன்று உண்டு என எய்க்மன் தெளிந்தார். எனினும் அரிசியின் மாவிலே ஒரு நஞ்சு இருப்பதாகவும், தவிடு அதனை முறிப்பதாகவுமே அவர் எண்ணினார். அவருக்குப் பின் அப்பணியை ஏற்ற ஹெரிட் கிரெய்ன்ஸ் என்பவரே, 1901இல், நஞ்சொன்றும் இல்லை, உடலுக்கு இன்றியமையாத ஏதோ ஒரு பொருள் தீட்டிய அரிசியில் இல்லை என்று உரைத்தார். இருப்பது ஒன்றால் நோய் வரும் என்பதை உலகம் அறியும். இல்லாதது ஒன்றாலும் நோய் வரும் என்பது அந்நாளில் புதுமையான கருத்து.

இவ்விடத்தில் நம்மவர் வருகின்றனர். மலாய் நாட்டுத் தோட்டங்களிலும் சாலை வேலைகளிலும் தமிழ்த் தொழிலாளர் பல்லாயிரவர் உழைத்தனர். ஈயச் சுரங்கங்களிலே சீனத் தொழிலாளர் உழைத்தனர். இரு சாராரும் உண்டது அரிசிச் சோறே. வெப்பமும் மழையும் உழைப்பும் இருவர்க்கும் உரியனவே. ஆயினும் சீனரிடையே பெரிபெரி பெருவாரியாய்ப் பரவ, தமிழர் பெரும்பாலும் அதற்குத் தப்பினர். அங்கே அரசாங்க மருத்துவராய் இருந்த பிராடன் இவ்வேறுபாட்டைக் கூர்ந்து நோக்கினார். சீனர் உண்டது தீட்டிய பச்சரிசி. தமிழர் உண்டது புழுங்கலரிசி. இதனை 1907இல் அவர் ஒரு நூலாகவே வெளியிட்டார். ஆனால் பச்சரிசியிற் பற்றும் ஏதோ ஒரு நஞ்சே நோயின் காரணம் என்று அவரும் பிழைபட எண்ணினார். அக்காலத்தை ஒட்டியே கோலாலம்பூர் மனநோய் விடுதியில், பிளெச்சர் என்னும் மருத்துவர் அங்கிருந்தோரை இரு பிரிவாக்கி, ஒரு பிரிவினர்க்குச் சயாம் நாட்டுப் பச்சரிசியும் மற்றவர்க்கு இந்தியப் புழுங்கலரிசியும் அளித்துப் பார்த்தார். பச்சரிசி உண்டவருள் 18 பேர் பெரிபெரியால் மாண்டனர். புழுங்கலரிசி உண்டவருள் அந்நோயால் இறந்தவர் எவருமிலர். வாய்திறந்து மறுக்க இயலாத ஏழை நோயாளிகளின் உயிரைக்கொண்டு எய்திய அறிவு அது என்பதை நாம் மறத்தலாகாது.

புழுங்கலின் மறைபொருள் எளியது. நெல்லை ஊறவைத்து ஆவியில் அவிக்கும்போது, தவிட்டிலும் முளையிலும் உள்ள சத்தில் ஒரு பகுதி நீரோடு கலந்து அரிசியின் உள்ளே இறங்கிவிடுகிறது. அதன் மாவும் இறுகிப்போகிறது. பின்னர் ஆலையிலிட்டுத் தீட்டினாலும் உட்புகுந்த சத்து முற்றும் அழிவதில்லை. நெல் புழுக்கிய நம் பாட்டிமார் வேதியியல் கற்றவரல்லர். அரிசி நொறுங்காது, நெடுநாள் கெடாது என்பதற்காகவே அவ்வழக்கம் நிலைத்திருக்கலாம். எனினும் அது அவர்தம் மக்களைக் கடல் கடந்த நாட்டிலும் காத்தது. பழைய சென்னை மாகாணத்திலும் இவ்வேறுபாடு தெரிந்தது. தீட்டிய பச்சரிசி வழங்கிய வடசர்க்கார் மாவட்டங்களிலே பெரிபெரி வேரூன்றியிருந்தது. புழுங்கலரிசி வழங்கிய தமிழ் மாவட்டங்களில் அஃது அரிதாயிருந்தது. நீலகிரியின் குன்னூரில் இயங்கி, 1958இல் ஐதராபாத்துக்கு மாறிய உணவாராய்ச்சி நிலையம் இத்தகைய ஆய்வுகளுக்குப் பெயர் பெற்றது.

இனிச் சொல்லின் பிறப்புக்கு வருவோம். வார்சா நகரிற் பிறந்து இலண்டனில் ஆராய்ச்சி செய்துவந்த காசிமிர் பங்க் என்னும் இளைஞர், அரிசித் தவிட்டிலிருந்து அந்த நோய் தீர்க்கும் பொருளைப் பிரித்தெடுக்க முயன்றார். பெரிபெரி மட்டுமன்று, ஈறு அழுகும் ஸ்கர்வி, தோல் வெடிக்கும் பெலாக்ரா, குழந்தைகளின் எலும்பு வளையும் ரிக்கெட்ஸ் முதலிய நோய்களும் இத்தகைய பொருள்கள் இன்மையாலேயே வரக்கூடும் என 1912இல் அவர் எழுதினார். அப்பொருள்களுக்கு அவர் இட்ட பெயரே ‘வைட்டமைன்’. ‘வீட்டா’ என்னும் இலத்தீன் சொல்லுக்கு உயிர் என்பது பொருள். ‘அமைன்’ என்பது நைட்ரஜன் அடங்கிய ஒருவகை வேதிப்பொருளின் பெயர். இரண்டையும் இணைத்து ஒரு சொல்லாக்கினார். உயிருக்கு இன்றியமையாத இப்பொருள்கள் யாவும் அமைன்களாகவே இருக்கும் என்பது அவரது துணிபு.

அத்துணிபும் பாதியே உண்மையாயிற்று. பின்னர்க் கண்டறிந்த பொருள்களுள் பல அமைன்கள் அல்ல. ஏ வைட்டமினிலும் சி வைட்டமினிலும் நைட்ரஜன் அறவே இல்லை! பெயரைத் தள்ளிவிடலாமா என்னும் கேள்வி எழுந்தது. 1920இல் ஜாக் டிரம்மண்ட் என்னும் ஆங்கில அறிஞர் ஓர் எளிய வழி கூறினார். ஆங்கில எழுத்தில் அச்சொல்லின் கடைசி எழுத்தை மட்டும் நீக்கிவிட்டால், அமைன் என்னும் பொருள் போய்விடும். மக்களுக்குப் பழகிய பெயரும் நிற்கும் என்றார். ஓரெழுத்தை இழந்து ‘வைட்டமின்’ உருவாயிற்று. ஏ, பி, சி என்று எழுத்தால் வழங்கும் முறையையும் அவரே ஒழுங்குபடுத்தினார். பின்னர் பி என்பது ஒன்றன்று, பல என்று தெரியவே, பி1, பி2 என எண்கள் சேர்ந்தன. வைட்டமின் எனக் கருதி எண் பெற்ற சில, அப்பெயருக்கு உரியனவல்ல என்று பின்னர் நீக்கப்பட்டன. பி6, பி12 எனக் கேட்கும் நாம், இடையே பி10, பி11 எங்கே என்று வியப்பதற்குக் காரணம் இதுவே. குருதியை உறையச் செய்யும் கே வைட்டமின் வரிசையினின்று விலகி நிற்பது, உறைதலைக் குறிக்கும் சொல்லின் முதலெழுத்தை அது பெற்றதனால்.

பெரிபெரியைத் தீர்க்கும் பொருளைத் தூய படிகமாக முதன்முதலில் 1926இல் அதே ஜாவாவில் யான்சன், டொனாத் என்னும் இருவர் பெற்றனர். நூற்றுக்கணக்கான கிலோ தவிட்டிலிருந்து கிடைத்தது ஒரு கிராமினும் குறைவே! அதன் அமைப்பை ஆராய்ந்து 1936இல் செயற்கையாகவும் ஆக்கியவர் இராபர்ட் வில்லியம்ஸ். நெல்லூரிலே பிறந்த அமெரிக்கர். அதற்குத் தயமின் என்று பெயராயிற்று. அஃது உண்மையில் அமைன் வகையைச் சேர்ந்ததே. பங்க் இட்ட பெயர், அவர் தேடிய பொருளுக்குப் பொருந்தியும், அதன் உடன்பிறப்புகளுள் பலவற்றுக்குப் பொருந்தாமலும் போயிற்று.

இன்று அச்சொல்லுக்கு அறிவியலார் கொள்ளும் பொருள் வரையறை உடையது. கரிமச் சேர்மமாய் இருத்தல் வேண்டும். மிகச் சிறிய அளவே தேவைப்படுதல் வேண்டும். உடல் தானே போதிய அளவு ஆக்கிக்கொள்ள இயலாததாய் இருத்தல் வேண்டும். அஃது இன்றேல் குறித்தவொரு நோய் தோன்றுதல் வேண்டும். இவ்வரையறைக்கு உட்பட்டவை பதின்மூன்று. தயமின் நாளொன்றுக்கு வேண்டுவது ஒரு மில்லிகிராமை ஒட்டிய அளவே. இரும்பும் சுண்ணாம்பும் உடலுக்குத் தேவையாயினும் வைட்டமின்கள் அல்ல. அவை தாது உப்புகள்.

பொது வழக்கிலோ வைட்டமின் என்றால் பலம் தரும் மருந்து என்றாகிவிட்டது. சோர்ந்தவர்க்கும் படிக்கும் பிள்ளைக்கும் மாத்திரை வாங்கித் தருவதே அன்பின் அடையாளம் எனப் பலர் கருதுகின்றனர். குறையை நிரப்புவதே வைட்டமினின் தொழில். குறையில்லாத இடத்தில் அதனை மேலும் மேலும் கொட்டுவதால் பலம் கூடுவதில்லை. ஏ, டி ஆகியவை உடலிற் சேர்ந்து தங்குவன. அளவு மிஞ்சினால் தீங்கும் செய்வன. ஆதலின் மருத்துவர் சொல்லாமல் அவற்றை உட்கொள்வது தகாது.

தமிழில் இதனை ‘உயிர்ச்சத்து’ என்கிறோம். ஈழத்தார் ‘விற்றமின்’ என எழுதுவர். நம் மொழிபெயர்ப்பு பங்கின் சொல்லில் மெய்யான பாதியை மட்டும் ஏற்று, பிழையான பாதியை விட்டுவிட்டது. ஆயினும் ‘சத்து’ என்பது வலிமையென்றும் பொருள்படுவதால், மேலே கூறிய மயக்கத்துக்கு அதுவும் ஓரளவு இடந்தருகிறது. சொல்லைக் கையாளும்போது அதன் வரையறையையும் நினைவிற் கொள்வது நம் கடன்.

சொந்த ஊரை விட்டு வந்து வாழும் நாம், இங்கே கிடைக்கும் மெருகிட்ட வெள்ளரிசிக்குப் பழகிவிட்டோம். உணவு பலவகையாய் அமைந்தால் அதனால் கேடில்லை. ஆயினும் புழுங்கலரிசியை ஏழையின் உணவென்று இளைய தலைமுறை எண்ண விடலாகாது. அரிசியைப் பலமுறை தேய்த்துக் கழுவுவதும், மிகுந்த நீரில் வேகவைத்துக் கஞ்சியைக் கொட்டுவதும் உயிர்ச்சத்தை வீணாக்குவன. மலாய் நாட்டுச் சாலையோரத்தில் உழைத்த நம் முன்னோர், தம் பானையிலிட்ட அரிசியால் ஒரு பேருண்மைக்குச் சான்றாயினர். அவ்வரிசியை நம் பிள்ளைகளுக்கு இடும்போது அவர்தம் கதையையும் உடன் சொல்லுவோமாக.