பட்டு எது? பாவும் ஊடையும் ஃபிக்ஹும்

கொல்லிமலை அடிவாரத்துச் சேந்தமங்கலத்தில், சில ஆண்டுகளுக்கு முன் ஒரு நிகாஹ் மஜ்லிஸில் கலந்துகொண்டோம். மணமகன் உடுத்தியிருந்த வெண்ணிற வேட்டி பளபளத்தது. பெரியவர் ஒருவர் நம் பக்கம் குனிந்து, “ஹஜ்ரத், மாப்பிள்ளை பட்டு உடுத்தியிருக்கிறாரே, கூடுமா?” என்று கேட்டார். நாம் விடை சொல்லுமுன், விருந்தினராக வந்திருந்த இராசிபுரத்து நெசவாளர் ஒருவர் வேட்டியின் ஓரத்தில் தொங்கிய இழையொன்றைப் பிய்த்து, வெளியே கொண்டுபோய்த் தீக்குச்சியில் காட்டினார். இழை உருகிச் சுருண்டு, கறுத்த மணியாக இறுகியது. “பட்டா இருந்தா மயிர் கருகுன வாசம் வருமுங்க பாய். விரல்ல தேச்சாச் சாம்பலாப் போயிரும். இது பாலியெஸ்டருங்க” என்றார். மணமகனின் தந்தைக்கு முகம் வாடிவிட்டது. பட்டின் விலை கொடுத்தல்லவா அதை வாங்கியிருந்தார்!

மார்க்கத் தடை பற்றிய ஐயம் நீங்கியது. வணிக மோசடி வெளிப்பட்டது. ஆடை பற்றிய பாடத்தைப் பல்லாண்டுகள் நடத்திவந்த நமக்கோ, அந்த இழை எதுவென்று சொல்லத் தெரியவில்லை. அன்று நமக்கு ஏற்பட்ட வெட்கமே இக்கட்டுரை எழுதக் காரணம்.

பட்டையும் பொன்னையும் நபி (ஸல்) அவர்கள் தம் சமுதாயத்து ஆண்களுக்குத் தடுத்து, பெண்களுக்கு அனுமதித்தார்கள் என்பதை நாம் அறிவோம். இரண்டு, மூன்று, நான்கு விரல் அகலம் வரை பட்டுக்கரை இருக்கலாம் என்ற விலக்கும், தோல் அரிப்பால் வருந்திய அப்துர் ரஹ்மான் பின் அவ்ஃப் (ரலி), சுபைர் (ரலி) ஆகிய இருவருக்கும் பட்டுடுத்த இசைவளித்த செய்தியும் ஹதீஸ் தொகுப்புகளில் உள்ளன. முழுப் பட்டின் நிலை தெளிவு. பட்டுடன் வேறு இழை கலந்த துணியின் நிலை என்ன என்பதே வரலாறு நெடுகிலும் எழுந்த வினா.

அதற்கு விடை காண, இழை துணியாகும் முறையைச் சிறிது அறிதல் வேண்டும். பருத்தியின் இழை இரண்டு, மூன்று சென்டிமீட்டர் நீளமே உடையது. காய் வெடித்து உலரும்போது அது தானாகவே திருகிக்கொள்கிறது. அத்திருகல்தான் இழையோடு இழை பற்றி நிற்கச் செய்கிறது. கொட்டை நீக்கி, வில்லால் அடித்துப் பிரித்து, இழுத்து முறுக்கினால் நூல் கிடைக்கும். இலவம்பஞ்சின் இழையோ வழவழப்பானது, திருகல் அற்றது. ஆதலால் அது நூற்புக்கு ஒத்துவராமல் மெத்தைக்கும் தலையணைக்கும் பயன்படுகிறது. பட்டின் இயல்பு முற்றிலும் வேறு. ஒரு கூட்டிலிருந்து பல நூறு மீட்டர் நீளமுள்ள இழை அறாமல் வரும். கூடுகளை வெந்நீரிலிட்டுப் பசையை இளக்கி, பல கூடுகளின் இழைகளை ஒன்றுசேர்த்து எடுப்பார்கள்.

எந்த நூலாயினும் தறியில் இரண்டாகப் பிரிகிறது. நீளவாட்டில் இழுத்துக் கட்டுவது பாவு, அரபியில் ஸதா. நாடாவின் வழியே குறுக்கே செல்வது ஊடை, அரபியில் லுஹ்மா.

கூஃபாவில் வாழ்ந்து ஹிஜ்ரி 150 (கி.பி. 767) இல் மறைந்த இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்கள் ஒரு துணி வணிகர். அவர்கள் விற்ற துணியின் பெயர் ‘கஸ்ஸு’. பட்டும் கம்பளியும் கலந்து நெய்த துணியை அக்காலத்தார் அப்பெயரால் அழைத்தனர். நபித்தோழர்கள் பலர் அதை அணிந்ததாகவும் செய்திகள் உள்ளன. ஆக, ஹனஃபீ மத்ஹபின் முதல்வர் கலப்புத் துணியைக் கையால் தொட்டு, விரித்துக் காட்டி, விலை பேசி விற்றவர்.

அம்மத்ஹபின் பெருநூலான ‘ஹிதாயா’வை இயற்றிய இமாம் மர்கீனானி (ரஹ்; மறைவு ஹிஜ்ரி 593, கி.பி. 1197), பாவு பட்டாகவும் ஊடை பருத்தி போன்ற வேறு நூலாகவும் இருந்தால் அணியலாம் என்கிறார். அவர் கூறும் காரணம் தறியைக் கண்டவருக்கே முழுமையாக விளங்கும். பாவு மட்டும் கட்டிய தறியில் இருப்பது நூல்தான், துணியன்று. ஊடை ஓடிய பிறகே அது துணியாகிறது. எனவே ஊடை எதுவோ அதுவே துணியின் இனம்.

ஷாஃபிஈ மத்ஹபின் அளவுகோல் தராசு. இமாம் நவவீ (ரஹ், மறைவு ஹிஜ்ரி 676, கி.பி. 1277) ‘மின்ஹாஜ்’ நூலில் எடையைப் பார்க்கச் சொல்கிறார். பட்டின் எடை மிகுந்தால் கூடாது. குறைந்தாலோ சமமானாலோ கூடும். எடுத்துக்காட்டாக, பட்டுப் பாவு 60 பங்கும் பருத்தி ஊடை 40 பங்கும் எடையுள்ள துணி ஹனஃபீகளுக்கு ஆகும், ஷாஃபிஈகளுக்கு ஆகாது. பருத்திப் பாவில் 30 பங்கு பட்டு ஊடை ஓடினால் விடை தலைகீழாகும். காயல்பட்டினம், கீழக்கரை போன்ற கடற்கரை ஊர்களில் ஷாஃபிஈகளும், உள்நாட்டு ஊர்களில் ஹனஃபீகளும் மிகுதியாக வாழும் தமிழகத்தில், ஒரே துணிக்கு இரு ஊர்களில் இரு விடைகள் கிடைத்திருக்கக்கூடும்.

இச்சட்ட நுணுக்கம் ஏட்டோடு நிற்கவில்லை, தறிக்கும் வந்தது. குஜராத்தின் பாடனிலும் மாண்ட்வியிலும் நெய்யப்பட்ட ‘மஷ்ரூஃ’ என்னும் துணியின் பெயருக்கே ‘மார்க்கம் அனுமதித்தது’ என்பதுதான் பொருள். பட்டுப் பாவு பல ஊடைகளுக்கு மேலாகத் தாவிச் சென்று, பிறகு ஓர் ஊடைக்குக் கீழே இறங்கும். அதனால் வெளிமுகம் பட்டாக மின்னும்; உடலில் படும் உட்புறம் பருத்தியாக இருக்கும். ஹிதாயாவின் விதியும் நெசவாளரின் திறமும் அதில் ஒன்றாயின. உஸ்மானியப் பேரரசின் சந்தைகள் வரை அத்துணி சென்றது.

பின்னர் வந்த வேதியியல் இக்கணக்கை மாற்றியது. 1892 இல் கிராஸ், பெவன், பீடில் என்னும் ஆங்கிலேயர் மூவர் விஸ்கோஸ் முறையைக் கண்டனர். மரக்கூழைக் காரத்தில் ஊறவைத்து, கார்பன் டைசல்ஃபைடு சேர்த்துத் தேன்போன்ற கரைசலாக்கி, நுண்துளைகளின் வழியே அமிலத்தில் பீய்ச்சினால் பளபளக்கும் இழை வரும். செயற்கைப் பட்டு என்று பெயர் பெற்றாலும், அதன் பொருள் பருத்தியில் உள்ள அதே செல்லுலோஸ்தான். 1941 இல் வின்ஃபீல்டு, டிக்சன் ஆகியோரின் ஆய்வில் பிறந்த பாலியெஸ்டரோ பெட்ரோலியத்தின் வழிவந்தது. இவை பூச்சியின் பட்டு அல்ல. எனவே பட்டின் தடை இவற்றுக்கு இல்லை. இருபதாம் நூற்றாண்டில் மஷ்ரூஃ துணியின் பாவிலும் பட்டுக்குப் பதிலாக ரேயான் புகுந்தது. அனுமதி தேடவேண்டிய தேவையே நீங்கிய பிறகும், ‘அனுமதிக்கப்பட்டது’ என்ற பெயர் நிலைத்துவிட்டது.

எனினும், அணியக் கூடும் என்பதோடு கேள்விகள் முடிந்துவிடுவதில்லை. கோவை மாவட்டத்துச் சிறுமுகையில் 1960-களில் இயங்கத் தொடங்கிய விஸ்கோஸ் ஆலை நீலகிரியின் தைல மரங்களைக் கூழாக்கியது. அதன் கழிவால் பவானி ஆறு மாசடைவதாக மக்கள் போராடினர்; பின்னர் ஆலை மூடப்பட்டது. உடுத்துவோருக்கு ஆகுமான இழையாயினும், அதன் உற்பத்தியால் ஆற்றுநீரைக் குடிப்போருக்குத் தீங்கு வருமா என்பதும் ஃபிக்ஹின் வினாவே. பாலியெஸ்டரைப் பட்டென்று சொல்லி விற்பதும் அவ்வாறே; அணிந்தவர்மீது குற்றமில்லை, விற்றவர் பொறுப்பாளி. அசல் பட்டை வாங்குவோர் அடையாளம் காண்பதற்கென்றே 2004 இல் ‘சில்க் மார்க்’ முத்திரை நடைமுறைக்கு வந்தது.

நம் முன்னோர் பலர் தொழிற்பெயர்களையே சுமந்தவர்கள். ஹல்லாஜ் என்றால் பஞ்சு அடிப்பவர். பஸ்ஸாஸ் என்றால் துணி வணிகர். கஸ்ஸால் என்றால் நூற்பவர். தமிழகத்திலும் வில்லால் பஞ்சு அடித்துப் பிழைத்த முஸ்லிம்களைப் பஞ்சுகொட்டிகள் என்றழைத்தனர். கல்வியும் கைத்தொழிலும் அன்று ஒரே வீட்டில் குடியிருந்தன. தமிழில் ‘நூல்’ என்ற ஒரே சொல் ஏட்டையும் இழையையும் குறிக்கிறது. பவணந்தி முனிவரின் நன்னூல், சொல்லைப் பஞ்சாகவும் புலவனை நூற்கும் பெண்ணாகவும் உருவகித்திருக்கிறது. ஏட்டு நூலை மட்டும் கற்று இழை நூலை அறியாத நம்மைப் போன்றோர் அதில் பாதியை இழந்தோம்.

சேந்தமங்கலத்திலிருந்து திரும்பும் வழியில் அந்நெசவாளரின் வீட்டுக்குச் சென்றோம். பாவு கட்டிய தறியின் முன்னே நம்மை அமரவைத்து, ஊடை ஓடும் விதத்தைக் காட்டினார். அதன்பின் ஹிதாயாவின் அப்பகுதியை நடத்தும் நாளில், பட்டும் பருத்தியும் கலந்த துணித்துண்டு ஒன்றை வகுப்புக்கு எடுத்துச் செல்கிறோம். மாணவர்கள் இழை பிரித்து, எது ஸதா, எது லுஹ்மா என்று தாமே சொன்ன பிறகுதான் கிதாபைத் திறக்கிறோம்.