இறைவாக்கினர் நூல்களில் கடவுள் உருவகங்கள்

எபிரேய இறைவாக்கினர் கடவுளைக் குறிக்கக் கையாண்ட உருவகங்களும் அவற்றுக்குப் பொருள்கொள்ளும் முறைகளும் இங்கே பேசப்படுகின்றன. கி.மு. 8ஆம் நூற்றாண்டினரான ஓசேயா உருவகங்களைக் கையாள்வதில் துணிச்சல் மிக்கவர். ஒரே நூலில் கடவுள் கணவன், குழந்தைக்கு நடைபழக்கும் பெற்றோர், சிங்கம், குட்டியைப் பறிகொடுத்த கரடி, பனித்துளி. ஏன், அரித்துத் தின்னும் பூச்சியும்கூட. ஒன்றோடொன்று முரண்படுவதால் இவற்றில் எதையும் கடவுளின் இலக்கணமாகக் கொள்ள இயலாது. கடவுளைப் பற்றிய உடல்சார் சொற்களை நேர்ப்பொருளில் கொள்வதை 12ஆம் நூற்றாண்டிலேயே யூத மெய்யியலாளர் மைமோனிடஸ் மறுத்தார்.

எரேமியாவின் நீர் உருவகங்கள் வறண்ட நிலத்தில் பிறந்தவை. கடவுள் வற்றாத ஊற்று. பிற தெய்வங்கள் வெடிப்புவிட்ட தொட்டிகள் (2:13). மனமுடைந்த வேளையில் அதே எரேமியா, நீ பொய்த்துப்போகும் ஓடையா என்று கடவுளையே கேட்கிறார் (15:18). கல்வராயன் மலையில் மழை பெய்தால் பெருகும் கோமுகி ஆற்றையும் கச்சிராயபாளையம் அருகே அதைத் தேக்கும் அணையையும் நம்பிப் பயிரிடுவோருக்கு இக்கேள்வியின் கடுமை எளிதில் விளங்கும்.

ஓசேயாவின் மணவாழ்வு உருவகம் தமிழ் வாசகருக்கு நாயகன் நாயகி பாவத்தை நினைவூட்டலாம்; ஆனால் ஒப்புமை பாதிதான். ஆண்டாள், நம்மாழ்வார் பாசுரங்களில் ஏங்குவது அடியவர். ஓசேயாவில் கைவிடப்பட்டவர் கடவுள், குற்றவாளி நாடு. தண்டிக்கும் கணவன் என்ற படிமம் பெண்கள்மீதான வன்முறைக்கு இடந்தருவதை விவிலிய அறிஞர் ரெனிட்டா வீம்ஸ் 1995இல் விரிவாக ஆராய்ந்தார். மாறாக, ஏசாயா நூலில் கடவுள் பிரசவ வேதனையில் கதறும் பெண் (42:14), தேற்றும் தாய் (66:13).