பலீக் ஹம்தியின் முகப்பிசை: சிறு மெட்டும் நெடும்பாட்டும்

எகிப்திய இசையமைப்பாளர் பலீக் ஹம்தியைப் (1931–1993) பற்றிய பேச்சில் ஒரு குறை தவறாமல் வந்துவிடும். பாடகி உம்மு குல்தூமின் நெடும்பாட்டுக்குள் சினிமாப் பாட்டையும் கிராமத்துத் தாளத்தையும் நுழைத்து அதன் கனத்தைக் கெடுத்தார் என்பார்கள். அவர்கள் கண்டது சரி, எடை போட்டதில்தான் பிழை. சினிமா அவருக்கு ஒரு கட்டுமான முறையைக் கற்றுக்கொடுத்தது: தன்னளவில் முடிந்து நிற்கும் சிறு மெட்டுகளைக் கோத்துப் பெரும்பாட்டு ஆக்குவது. அந்த முறையின் நடுவே இருப்பது முகப்பிசை. பாடகர் வாய் திறக்கும் முன்பே பாட்டின் பாதி வேலை அங்கே முடிந்துவிடுகிறது என்பது என் வாதம்.

கெய்ரோவின் ஷுப்ரா பகுதியில் பிறந்த ஹம்தி இசையமைப்பாளராகப் பெயர் பெற்றது திரைப் பாட்டில். 1957இல் பாடகர் அப்துல் ஹலீம் ஹாஃபிஸுக்காக இரண்டு பாட்டுகள். ‘காலி தலையணை’ படத்தில் ‘தகூனூஹ்’, ‘என் கனவுகளின் நாயகன்’ படத்தில் ‘கஸாரா கஸாரா’. இரண்டாவது பாட்டைப் பிறகு பார்ப்போம். திரைப் பாட்டுக்கு நேரம் குறைவு. சில நிமிடத்துக்குள் சூழல், உணர்ச்சி, முகம் எல்லாம் வந்தாக வேண்டும். தொடக்கத்தில் வரும் வாத்திய வாக்கியம் காதில் ஒட்டாவிட்டால் பாட்டும் ஒட்டாது. இந்த நெருக்கடியில் பழகிய கைதான் மூன்றே ஆண்டில் ‘ஹுப் ஏஹ்’ (1960) பாட்டோடு உம்மு குல்தூமின் மேடைக்குப் போனது. அப்போது ஹம்திக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை.

அந்த மேடையின் வழக்கமே வேறு. மாதத்தின் முதல் வியாழக்கிழமை இரவு வானொலியில் நேரடியாக ஒலிபரப்பாகும் கச்சேரி அது. ஒரே பாட்டு ஒரு மணி நேரத்தையும் தாண்டும். அவையோர் கேட்கக் கேட்க ஒரே வரியைப் பாடகி திரும்பத் திரும்பப் பாடுவார், ஒவ்வொரு முறையும் வேறு வளைவில். கேட்பவரைத் தன்னிலை மறக்கச் செய்யும் இந்த இசைமயக்கத்துக்கு அரபியில் ‘தரப்’ என்று பெயர். இதற்கு ஏற்ற மெட்டு நீண்ட மூச்சு உடையதாக இருக்க வேண்டும் என்பது பழைய நம்பிக்கை. அதன் உச்சம் ரியாத் அஸ்ஸுன்பாத்தி மெட்டமைத்த ‘அல்-அத்லால்’ (1966). இப்ராஹீம் நாஜியின் இலக்கிய அரபிக் கவிதையில் ஒரு அடியிலிருந்து அடுத்த அடிக்கு மெட்டு இறங்கும் இடத்தில் தையல் தெரியாது.

மறு ஆண்டே வந்த ‘ஃபாத் அல்-மிஆத்’ பாட்டில் ஹம்தி தையலைக் காட்டுகிறார், அதில் அவருக்குக் கூச்சமும் இல்லை. முகப்பிசையில் சாக்ஸஃபோன் தனியே எழுந்து பேசுகிறது. மகாம் எனப்படும் அரபிப் பண்கள் பலவற்றுக்குத் தேவையான கால் சுரங்கள் அந்தக் கருவியின் சாவிகளில் கிடையா. வாசிப்பவர்தான் முயன்று அவற்றை வரவழைக்க வேண்டும். இரவு விடுதியில் ஊதப்படும் கருவி என்று முகம் சுளித்தவர்களின் காதில் இந்த உழைப்பு விழுந்ததாகத் தெரியவில்லை. அவகாசம் கடந்துவிட்டது என்று பாடகி சொல்ல வருவதை அந்த ஊதல் முன்பே சொல்லிவிடுகிறது. 1969 பிப்ரவரியில் அரங்கேறிய ‘அல்ஃப் லைலா வ லைலா’வில் இதே முறை இன்னும் விரிகிறது. பல நிமிடம் நீளும் முகப்பு, ஒவ்வொன்றும் தனித் தாளம் கொண்ட பல மெட்டுகளின் வரிசை. நடனக் கலைஞர்கள் இதைப் பாடல் வரிகள் இல்லாமலே எடுத்து ஆடுகிறார்கள். இதைச் சிதைவு என்று சொல்லலாம். பகுதிகள் தனியே நிற்கும்படி கட்டியவர் அவரே என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

திரைக்குத் திரும்பும்போது இந்த முறையின் வலிமை வேறு விதமாகத் தெரிகிறது. ஹுசைன் கமால் இயக்கிய ‘அச்சத்தில் கொஞ்சம்’ (1969) படத்தில் கொடுங்கோலன் அத்ரீஸ் ஊருக்குத் தண்ணீரை அடைத்துவிடுகிறான். ஷாதியா நடித்த ஃபுஆதா தனியாக நடந்துபோய் மதகைத் திறக்கிறாள். வெடித்த வயலில் நீர் பரவுகிறது. இங்கே சேர்ந்திசைக் குரல்கள் ஊரின் வாயாகின்றன. தனிப் பாடகரின் சாகசத்துக்கு இடமே இல்லை. கவிஞர் அல்-அப்னூதியின் சொற்களுக்கு ஹம்தி போட்ட மெட்டு அரசவை இசையின் நளினத்தை விட்டுவிட்டு, களத்துமேட்டில் கூடியவர்கள் எழுப்பும் குரல்போல் சிறு சிறு அடியாக வருகிறது. 1967 ஜூன் போரின் தோல்விக்குப் பின் இதே இருவரும் ஹாஃபிஸுக்குத் தந்த ‘அத்தன் நஹார்’ பாட்டிலும் முழக்கம் கிடையாது. பொழுது சாய்ந்தது என்ற செய்தியை ஒரு கிராமத்தான் அண்டை வீட்டுக்காரனிடம் சொல்வதுபோல் சொல்கிறது.

ஆட்டப் பாட்டு போடுபவர் என்ற பெயர் ஹம்திக்கு எவ்வளவு பரவியிருந்தது என்பதற்கு வானொலிக்காரர் வஜ்தி அல்-ஹகீம் சொன்ன கதை ஒன்று உண்டு. பக்திப் பாடகர் ஷேக் சையித் அந்நக்‌ஷபந்திக்கு ஹம்தி மெட்டமைக்க வேண்டும் என்று அதிபர் சாதாத் விரும்பினார். ஷேக்குக்கு மனமில்லை. பிடித்திருந்தால் தலைப்பாகையைக் கழற்றுங்கள், அதுவே அடையாளம் என்று ஏற்பாடு. மெட்டைக் கேட்ட ஷேக் தலைப்பாகையைக் கழற்றினார், மேலங்கியையும் கழற்றினாராம். கதையில் மெருகு ஏறியிருக்கலாம். ஆனால் ‘மௌலாய்’ என்ற அந்தப் பாட்டு இன்றும் ரமலான் இரவுகளில் ஒலிக்கிறது. அதிலும் குறுகிய அடிகள்தான், திரும்பத் திரும்ப வரும் சேர்ந்திசைதான்.

பாடகி வர்தாவோடு 1970களில் அமைந்த மணவாழ்வும் அவருக்காகப் போட்ட மெட்டுகளும் தனிக் கட்டுரைக்கு உரியவை. 1984இல் ஹம்தியின் வீட்டில் நேர்ந்த ஒரு பெண்ணின் மரணத்தை ஒட்டிய வழக்கால் பல ஆண்டுகள் வெளிநாட்டில் கழித்தார், பின்னர் விடுவிக்கப்பட்டு நாடு திரும்பினார். 1993 செப்டம்பரில் பாரிஸில் இறந்தார்.

‘கஸாரா கஸாரா’வின் கதை அதற்குப் பிறகும் தொடர்ந்தது. அதன் குழலிசை வாக்கியத்தை 1999இல் அமெரிக்கத் தயாரிப்பாளர் டிம்பலண்ட் எடுத்து ராப் பாடகர் ஜே-ஸீயின் ‘பிக் பிம்பின்’ பாட்டுக்கு அடித்தளமாக்கினார். ஹாஃபிஸின் குரல் அதில் இல்லை, காதல் வரிகளும் இல்லை. முகப்பு மட்டும் கடல் தாண்டியது. 2007இல் ஹம்தியின் உறவினர் தொடுத்த வழக்கு 2015இல் லாஸ் ஏஞ்சலிஸ் நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. மேல்முறையீட்டிலும் 2018இல் அதே முடிவு. பாட்டின் பொருளாதார உரிமையை அந்த உறவினர் ஏற்கெனவே எழுதிக்கொடுத்துவிட்டார், எகிப்தியச் சட்டம் தரும் தார்மிக உரிமையை அமெரிக்காவில் கோர முடியாது என்பது காரணம். வழக்குத் தொடுக்கும் தகுதியே இல்லை என்று ஆனதால், அந்தச் சில சுரங்கள் பாட்டின் துண்டா, பாட்டேதானா என்பதை நடுவர் குழு தீர்மானிக்க நேரவில்லை.