ஒரு பண்ணை, இரண்டு படங்கள்



உரம், விதை என்று பேசுகிற இடத்திலே இன்றைக்குச் சினிமாவைப் பற்றிப் பேசப் போகிறேன். இது நட்சத்திரங்கள் இல்லாத சினிமா. ஒரு விவசாயக் குடும்பம் தன் வேலையைத் தானே செய்து காட்டிய படம்.

பிரான்ஸ் நாட்டின் தென்பகுதியிலே அவெய்ரோன் என்று ஒரு மாவட்டம். அங்கேதான் ஃபார்பீக் பண்ணை இருக்கிறது. ஜார்ஜ் ரூக்கியே என்ற படமெடுப்பவருக்கு அந்தப் பண்ணைக்காரர்கள் உறவு. 1944 கடைசியிலே படம் பிடிக்கத் தொடங்கி, ஓராண்டுப் பருவம் முழுவதையும் எடுத்தார். ஏன் அத்தனை நாள்? உழவு, விதைப்பு, அறுப்பு எல்லாம் ஒரு சுற்று வர வேண்டாமா? இரண்டு நாளிலே எடுத்தால் அறுவடையைக் காட்டலாம். அதற்கு முன்னே பட்ட பாட்டைக் காட்ட முடியாது.

1946-இல் படம் வெளிவந்தது. மாடு பூட்டி உழுகிறார்கள். வீட்டிலேயே ரொட்டி சுடுகிறார்கள். தாத்தா கணப்பு ஓரம் உட்கார்ந்து குடும்பக் கதை சொல்கிறார். மின்சாரம் இழுக்கலாமா, வீட்டைப் பெரிதாக்கலாமா, நிலம் யாருக்கு என்று பேச்சு நடக்கிறது. நம் வீட்டுப் பேச்சு மாதிரியே இருக்கிறது, இல்லையா? அந்த ஆண்டே கான் திரைப்பட விழாவிலே விமர்சகர்கள் பரிசு கிடைத்தது.

இதோடு நின்றிருந்தால், "அந்தக் காலம் போல வருமா!" என்ற பெருமூச்சுதான் மிஞ்சியிருக்கும். ரூக்கியே அதோடு விடவில்லை. அதே ஊருக்குத் திரும்பிப் போய் 1983-இல் இன்னொரு படம் தந்தார். பெயர் பீக்ஃபார், பக்கத்திலே இருந்த சிறு பண்ணையின் பெயர் அது. முதல் படத்தில் இளவட்டமாக இருந்தவர்கள் இதிலே நரைத்த தலையோடு வருகிறார்கள். மாட்டு ஏர் போய் டிராக்டர் வந்துவிட்டது. பால் கறக்க இயந்திரம் வந்துவிட்டது. முதுகொடிகிற வேலை குறைந்தது. ஆனால் சிறு பண்ணை விலைக்கு வருகிறது. இருக்கிற நிலம் கட்டுபடியாகாமல் அக்கம்பக்கத்தார் அதை வாங்கப் போட்டி போடுகிறார்கள். பூச்சிமருந்தின் கேடும் படத்திலே வருகிறது. வெனிஸ் விழாவிலே இதற்கும் பரிசு கிடைத்தது.

வரவை மட்டும் எழுதி வைத்தால் கணக்காகுமா? செலவையும் எழுத வேண்டும். இரண்டு படத்தையும் சேர்த்துப் பார்த்தால்தான் வந்தது என்ன, போனது என்ன என்று தெரிகிறது. பழசெல்லாம் பொன்னும் இல்லை, புதுசெல்லாம் பித்தளையும் இல்லை.

உங்கள் வீட்டிலே கமலை இறைத்த பெரியவர் இருக்கிறாரா? இன்றைக்குக் கைபேசியிலேயே படம் எடுக்கலாம். அவரை உட்கார வைத்துப் பேட்டி எடுப்பதோடு நிறுத்தாதீர்கள். வேலை செய்யும்போதே எடுங்கள். விதை போட்டதிலிருந்து களம் சேரும் வரை எடுங்கள். அந்தக் காலத்துச் சுகத்தை மட்டும் கேட்காமல், கஷ்டத்தையும் கேளுங்கள். தேதியும் வயலின் பெயரும் எழுதி வையுங்கள். பத்து வருஷம் கழித்து அதே வயலை மறுபடியும் எடுங்கள். பேரப்பிள்ளைகள் கணக்குப் பார்க்க அது உதவும்.