விஷம் இறக்கும் மந்திரம்

சென்னையிலிருந்து மீஞ்சூர், பொன்னேரி, கும்மிடிப்பூண்டி வழியாகக் கூடூர் போகும் ரயில் பாதையில், சூளூர்ப்பேட்டையைத் தாண்டினால் போலிரெட்டிப்பாளையம் என்று ஒரு சிறிய நிலையம் உண்டு. வெள்ளைக்காரர் காலத்தில் அங்கே இருந்த ஒரு ஸ்டேஷன் மாஸ்டர் பாம்புக்கடிக்கு மந்திரிப்பதில் பேர் பெற்றவர். யாரையாவது பாம்பு கடித்துவிட்டால் அவருக்கு ஒரு தந்தி அடித்தால் போதும், இருந்த இடத்திலிருந்தே மந்திரம் சொல்வார், கடிபட்டவர் எழுந்து உட்கார்ந்து விடுவார் என்று சென்னை ராஜதானியில் பலரும் நம்பினார்கள். தந்திதான் புதுசு. வாயால் சொல்லும் சொல் விஷத்தை இறக்கும் என்ற நம்பிக்கை மிகப் பழசு.

தொல்காப்பியம் செய்யுளியலில் 'வாய்மொழி' என்ற ஒரு வகை சொல்லப்படுகிறது. அதற்கு உரைகாரர்கள் தரும் பொருள் மந்திரம் என்பதே. நிறைவான சொல்வன்மை உடையவர்கள் ஆணையிட்டுச் சொன்னால் சொன்னது நடக்கும் என்பது கருத்து. உதாரணத்துக்கு ஒரு கதையும் உண்டு. தமிழைப் பழித்த குயக்கோடன் என்பவனை நக்கீரர் ஒரு பாட்டால் சாகச் செய்து, பிறகு இன்னொரு பாட்டால் பிழைக்க வைத்தாராம். ஆக, கொல்லவும் எழுப்பவும் சொல்லே போதும்!

பக்தி இயக்க காலத்தில் இதே நம்பிக்கை கோயிலுக்குள் வந்தது. 7ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த திருஞானசம்பந்தர், திருமருகலில் பாம்பு கடித்து இறந்த வணிகனைப் பதிகம் பாடி எழுப்பினார் என்கிறது பெரியபுராணம். திங்களூரில் அப்பூதியடிகளின் மகன் வாழையிலை அரியப் போய் அரவம் தீண்டி இறந்தபோது திருநாவுக்கரசரும் அப்படியே செய்தார். ஆனால் ஒரு பெரிய வித்தியாசம் இருக்கிறது. பதிகத்தை யாரும் பாடலாம், அது ஊருக்கெல்லாம் பொது. கிராமத்து விஷ மந்திரமோ ரகசியம். வெளியே சொன்னால் பலிக்காது என்பார்கள்.

அந்த ரகசியத்துக்கு விதிமுறைகளும் நிறைய. குருவிடம் காதோடு கேட்டுத்தான் கற்க வேண்டும். கிரகணத்தன்று கழுத்தளவு தண்ணீரில் நின்று திரும்பத் திரும்பச் சொல்லி 'உரு ஏற்ற' வேண்டும். காசு வாங்கக் கூடாது. சேதி கொண்டு வந்தவன் எந்தத் திசையில் நின்றான், முதலில் என்ன சொன்னான் என்பதை வைத்தே கடிபட்டவன் பிழைப்பானா என்று பார்ப்பதும் உண்டு. சிறியாநங்கை இலையையோ வேப்பிலையையோ மெல்லக் கொடுப்பார்கள். கசக்கவில்லை என்றால் விஷம் ஏறியிருக்கிறது என்று பொருள். அப்புறம் வேப்பிலையால் மேலிருந்து கீழாகத் தடவி முணுமுணுப்பார்கள். விஷம் 'இறங்கும்'.

இதில் பலரும் பிழைத்தது உண்மைதான். ஏன் என்பதுதான் கேள்வி. இந்தியாவில் 300-க்கும் மேற்பட்ட பாம்பு வகைகள் உண்டு. அவற்றில் நஞ்சுள்ளவை 60 அளவில்தான். பழவேற்காடு ஏரிக்கரையிலும் அதைச் சுற்றிய வயல்களிலும் வலையில் சிக்கிக் கடிக்கும் தண்ணீர்ப்பாம்புக்கு ஆளைக் கொல்லும் நஞ்சு கிடையாது. நல்ல பாம்பே கடித்தாலும் சில சமயம் பல் மட்டும் பதியும், நஞ்சு இறங்காது. இந்தக் கடிகளுக்கெல்லாம் மந்திரம் கண்டிப்பாகப் பலிக்கும். சொல்லாமல் இருந்தாலும் பலித்திருக்கும்! பிழைத்தவர் ஊர் ஊராகச் சொல்லுவார், செத்தவர் வந்து சொல்லப் போவதில்லை.

மந்திரம் தோற்கும் இடம் கட்டுவிரியன். இது பெரும்பாலும் ராத்திரியில், தரையில் படுத்துத் தூங்குபவர்களைக் கடிக்கும். வலி அதிகம் இருக்காது, வீக்கமும் இருக்காது. மந்திரித்ததும் விஷம் இறங்கிவிட்டது என்று எல்லோரும் நிம்மதியாகத் தூங்கப் போவார்கள். சில மணி நேரத்தில் வயிற்றுவலி வரும், இமை தொங்கும், கடைசியில் மூச்சு நிற்கும். ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டிய நேரம் திண்ணையிலேயே கழிந்திருக்கும். கடலுக்குப் போகிறவர்களுக்கு இன்னொரு தொல்லை கடல்பாம்பு. நம் நாட்டு விஷமுறிவு மருந்து நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்ற நான்குக்காகத் தயாராவது. கடல்பாம்பு நஞ்சுக்கு அது கேட்காது. மூச்சுக்கு உதவும் கருவி உள்ள ஆஸ்பத்திரிக்குத்தான் ஓட வேண்டும்.

விஷமுறிவு மருந்தை 1895-ல் பிரெஞ்சுக்காரரான கால்மெட் உருவாக்கினார். மருந்து செய்ய முதலில் பாம்பின் நஞ்சு வேண்டும். அதை யார் எடுப்பது? இந்த இடத்தில்தான் வரலாறு வேடிக்கையாகத் திரும்புகிறது. பழவேற்காடு ஏரியில் கையாலேயே இறால் தடவிப் பிடிக்கும் இருளர்களை அந்தப் பக்கத்தார் எல்லோருக்கும் தெரியும். அதே இனத்தவர்தான் செங்கல்பட்டுப் பகுதியில் பாம்பு பிடித்துத் தோல் விற்றுப் பிழைத்தவர்கள். விஷக்கடிக்கு மருந்தும் மந்திரமும் தெரிந்தவர்கள் என்று ஊர் தேடிப் போனதும் இவர்களைத்தான். 1972-ல் வனவிலங்குச் சட்டமும், 1976-ல் பாம்புத்தோல் ஏற்றுமதித் தடையும் வந்து அவர்கள் பிழைப்பு போயிற்று. 1978-ல் ரோமுலஸ் விட்டேக்கரின் உதவியோடு இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியது. பாம்பைப் பிடித்து, நஞ்சை எடுத்து, மறுபடி காட்டிலேயே விடுவது அதன் வேலை. பல ஆண்டுகளாக நாட்டின் விஷமுறிவு மருந்துக்கான நஞ்சில் பெரும்பகுதி இங்கிருந்தே போனது. 2023-ல் வடிவேல் கோபால், மாசி சடையன் என்ற இரண்டு இருளர்களுக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது. மந்திரத்தைக் கேலி செய்கிற படித்தவர்கள் இதையும் கொஞ்சம் நினைத்துக்கொள்வது நல்லது. புற்றின் வாயைப் பார்த்தே உள்ளே என்ன பாம்பு என்று சொல்லும் அறிவு அந்த மக்களிடம்தான் இருந்தது.

இருந்தும் சாவு குறையவில்லை. 2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் சுமார் 12 லட்சம் பேர், அதாவது ஆண்டுக்கு 58,000 பேர் இறந்திருக்கிறார்கள் என்று 2020-ல் வெளிவந்த ஓர் ஆய்வு கணக்கிட்டது. ஆஸ்பத்திரிப் பதிவேடுகளை மட்டும் பார்த்தால் இந்த எண் கிடைத்திருக்காது. வீடு வீடாகப் போய்க் கேட்டதால் கிடைத்தது. 2024 நவம்பரில் தமிழக அரசு, பாம்புக்கடியை ஆஸ்பத்திரிகள் கட்டாயம் அரசுக்குத் தெரிவிக்க வேண்டிய பட்டியலில் சேர்த்தது. அரசு ஆஸ்பத்திரி, தனியார் ஆஸ்பத்திரி இரண்டுக்கும் இது பொருந்தும். மந்திரிப்பவர் வீட்டிலிருந்து யாரும் படிவம் அனுப்பப் போவதில்லை.