வைக்கோல் இல்லாத கோட்டை

சிலுவைப் போர்களைப் பாடமாக எடுக்கிறவர்களுக்கு 1191 என்ற ஆண்டை மாணவர் மனத்தில் நிறுத்துவது பெரும்பாடு. கல்லூரியில் வரலாறு எடுக்கும் எனக்கு அந்த வேலையில் பாதியை முடித்துக் கொடுத்தது ஒரு வீடியோ கேம். 'அசாசின்ஸ் கிரீட்' வரிசையின் முதல் விளையாட்டை ஆடிய பிள்ளைகளுக்கு டமாஸ்கஸ், ஜெருசலேம், அக்கோ மூன்று ஊர்களின் கூரைகளும் அத்துப்படி. இங்கிலாந்து அரசர் ரிச்சர்ட் அக்கோ துறைமுகத்தைப் பிடித்தது அந்த ஆண்டு ஜூலையில் என்று நான் ஆரம்பித்தால், "ஆமா மேம், ஊரே இடிஞ்சு கிடக்கும்" என்று பின்வரிசையிலிருந்து குரல் வரும். சரியாகத்தான் சொல்கிறார்கள். ஏறக்குறைய இரண்டு ஆண்டு முற்றுகைக்குப் பிறகு ஒரு ஊர் வேறு எப்படி இருக்கும்?

அடுத்த கேள்வியும் உடனே வரும். "அந்த மஸ்யாஃப் கோட்டை நெஜமாவே இருந்துச்சா? அந்தப் பெரியவர்?"

இருந்தது. இருந்தார். விளையாட்டில் அசாசின்கள் என்ற கொலையாளிக் கூட்டமும் அதன் தலைவரான அந்தப் பெரியவரும் வாழும் கோட்டை சிரியாவில் இன்றும் இருக்கிறது. நானும் தம்பி வீட்டில் உட்கார்ந்து அந்த விளையாட்டை ஆடி முடித்தவள், ரசித்து ஆடியவள். கனடாவின் மாண்ட்ரியல் நகரத்தில் யூபிசாஃப்ட் நிறுவனம் செய்து 2007 நவம்பரில் வெளியிட்ட அந்த விளையாட்டு, பல பாடப்புத்தகங்களைவிட அக்கறையோடு ஒரு காலத்தைக் கட்டி எழுப்பியிருக்கிறது. ஆனால் கோட்டைக்குள் வாழ்ந்த மனிதர்களைப் பொறுத்தவரை, விளையாட்டு எதையெல்லாம் தலைகீழாக மாற்றியதோ அங்கேதான் அவர்களுடைய உண்மையான வரலாறு தொடங்குகிறது.

கதையின் தொடக்கத்திலேயே ஒரு காட்சி. டெம்ப்ளர்கள் என்ற சிலுவைப் போர்த் துறவி வீரர்களின் தலைவர் ராபர்ட் த சாப்லே மஸ்யாஃப் வாசலில் வந்து மிரட்டுகிறார். என் ஆட்களுக்குச் சாவு பயம் இல்லை என்று கோட்டைத் தலைவர் பதில் சொல்லி, நாயகன் அல்தாயிரையும் இன்னும் இருவரையும் உச்சியிலிருந்து குதிக்கச் சொல்கிறார். கீழே வைக்கோல் குவிந்திருக்கிறது. இந்த வரிசையில் பின்னர் வந்த விளையாட்டுகளிலும் நாயகர்கள் கோபுரங்களிலிருந்து கைவிரித்துப் பாய்வது இங்கிருந்து வந்த வழக்கம்.

இந்தக் காட்சிக்கு மூலமாக ஒரு பழைய செய்தி உண்டு. 1194இல் ஷாம்பேன் பிரபு ஹென்றி ஆர்மீனியா போய்த் திரும்பும் வழியில், சிரிய மலைகளில் இதே கூட்டத்தாருக்கு இருந்த கஹ்ஃப் கோட்டையில் விருந்தினராகத் தங்கினார். அவர் அப்போது ஜெருசலேம் ராஜ்ஜியத்தை ஆண்டவர். தம் ஆட்களின் கீழ்ப்படிதலைக் காட்டுவதற்காகக் கோட்டைத் தலைவர் ஒரு சைகை செய்ய, மேலே நின்ற இருவர் குதித்தார்கள் என்று சிலுவைப் போர்க் காலக் குறிப்புகள் சொல்கின்றன. கீழே வைக்கோல் எதுவும் இல்லை. இருவரும் செத்தார்கள். இது நடந்ததா, ஐரோப்பியர்கள் கட்டிவிட்டதா என்பதில் ஆய்வாளர்களுக்குச் சந்தேகம் உண்டு, எனக்கும் உண்டு. கதையின் நோக்கம் தெளிவு: இவர்கள் மனிதர்களே அல்ல, தலைவர் சொன்னால் சாகிற பதுமைகள் என்று காட்டுவது. விளையாட்டு அந்த இடத்தில் வைக்கோலைப் போட்டு, சாவை சாகசமாக மாற்றிவிட்டது. அந்தக் காட்சியைக் கண்டதாகச் சொல்லப்படும் ஹென்றியின் முடிவையும் சொல்லிவிடுகிறேன்: 1197இல் அக்கோவில் தம் மாளிகை ஜன்னலிலிருந்து விழுந்து இறந்தார்.

யார் இந்தக் கோட்டைக்காரர்கள்? ஷியா முஸ்லிம்களில் இஸ்மாயிலிகள் ஒரு பிரிவு. எகிப்தில் ஆண்ட ஃபாத்திமிய கலீஃபாக்கள் இந்தப் பிரிவைச் சேர்ந்தவர்கள். 1094இல் கலீஃபா முஸ்தன்சிர் இறந்ததும் வாரிசுச் சண்டை மூண்டது. மூத்த மகன் நிஜார் தோற்றுக் கொல்லப்பட, அவருடைய வழியே உண்மையான இமாம் வழி என்று நின்றவர்கள் நிஜாரிகள். பாரசீகத்தில் அவர்களை வழிநடத்திய ஹசன் சப்பாஹ், 1090லேயே எல்பர்ஸ் மலைகளில் அலமூத் கோட்டையைத் தன்வசப்படுத்தியிருந்தார். 1124இல் சாகும்வரை அவர் அதைவிட்டு இறங்கவில்லை. தம் இரண்டு மகன்களுக்கும் அவரே மரண தண்டனை கொடுத்தார் என்று, அவரை வெறுத்த வரலாற்றாசிரியரே எழுதிவைத்திருக்கிறார். கொலைக் குற்றச்சாட்டில் ஒருவருக்கு, மது குடித்ததாக இன்னொருவருக்கு.

சுற்றிலும் செல்ஜுக் துருக்கியரின் பேரரசு. அதன் படைக்கு எதிரே சில மலைக்கோட்டைகளை வைத்திருந்த சிறுபான்மையினர் களத்தில் நிற்க முடியாது. அதனால் அவர்கள் படையைத் தொடாமல் படையை ஏவுகிறவரைத் தொட்டார்கள். 1092 அக்டோபரில் செல்ஜுக் பேரரசின் அமைச்சர் நிஜாமுல் முல்க், சூஃபி வேடத்தில் வந்த ஒருவரின் கத்திக்கு இரையானார். ஹசன் சப்பாஹின் காலத்தில் நடந்தவையாகப் பதிவான கொலைகள் ஏறத்தாழ 50. முப்பது ஆண்டுகளுக்கு மேற்பட்ட காலத்தில் இவ்வளவுதான். அந்தக் காலத்தில் ஒரே ஒரு நகர முற்றுகையில் செத்தவர்களோடு ஒப்பிட்டுப் பாருங்கள்: அக்கோவைப் பிடித்த பின் ரிச்சர்ட் ஒரே நாளில், 1191 ஆகஸ்ட் 20 அன்று, சுமார் 2,700 கைதிகளை வெட்டச் செய்தார். அவருக்கு வரலாறு கொடுத்த பட்டம் 'சிங்க நெஞ்சர்'.

கொலையை நான் நியாயப்படுத்தவில்லை. அதற்கு அவர்கள் கொடுத்த விலையைச் சொல்லாமல் விடுவது நியாயமல்ல என்கிறேன். விளையாட்டில் அல்தாயிர் குத்திவிட்டுக் கூரைகளில் ஓடித் தப்புகிறான். விளையாட்டின் இன்பமே அந்த ஓட்டத்தில் இருக்கிறது. உண்மையில் கொலைக்குப் போன தொண்டர், அதாவது ஃபிதாயி, தப்புவதற்காகப் போனவர் அல்ல. மசூதியிலும் அரசவையிலும் பலர் பார்க்கக் குத்தினார், அங்கேயே வெட்டப்பட்டார். போனவர்களின் பெயர்களை அலமூத்தில் பட்டியல் எழுதி வைத்துப் போற்றினார்கள். பழிவாங்கல் அவர்களோடு நிற்கவில்லை. கோட்டைக்குள் புக முடியாத ஆட்சியாளர்கள், ஊர்களுக்குள் குடும்பம் குட்டியோடு வாழ்ந்த இஸ்மாயிலிகள் மேல் பாய்ந்தார்கள். 1113இல் அலெப்போவில் அது நடந்தது. 1129இல் டமாஸ்கஸில் ஆயிரக்கணக்கானோர் கொல்லப்பட்டார்கள். விளையாட்டில் நாம் சந்தைக் கூட்டத்துக்குள் ஒளிந்து நடக்கும் டமாஸ்கஸ் அந்த ஊர்தான். அந்தத் தெருக்களில் நடந்ததைப் பற்றி விளையாட்டுக்குள் யாரும் ஒரு வார்த்தை சொல்வதில்லை என்பது எனக்குப் பெரிய குறை.

சிரியாவில் நிஜாரிகள் மஸ்யாஃப் கோட்டையைப் பெற்றது 1140 வாக்கில். அங்கே தலைவராக உயர்ந்தவர் பஸ்ரா பக்கத்தைச் சேர்ந்த ரஷீதுத்தீன் சினான். ஐரோப்பியர்கள் 'மலைக் கிழவர்' என்று பயந்து பேசியது இவரைத்தான். விளையாட்டில் அல் முஆலிம் என்று வருகிற பெரியவரும் இவரே. சிலுவைப் போர்க்காரர்களை எதிர்த்து நின்ற சுல்தான் சலாஹுத்தீனை இவருடைய ஆட்கள் இரண்டு முறை தாக்கினார்கள். இரண்டாவது முறை, 1176 மே மாதம் அசாஸ் முற்றுகையின்போது, தலையில் அணிந்திருந்த இரும்புக் கவசம்தான் அவரைக் காப்பாற்றியது. சில மாதத்தில் மஸ்யாஃபையே முற்றுகையிட்ட சலாஹுத்தீன், விரைவிலேயே முற்றுகையை எடுத்துக்கொண்டு போனார். அதன்பின் இருவரும் ஒருவரை ஒருவர் தொடவில்லை.

அடுத்தது டெம்ப்ளர்கள். இந்த விளையாட்டு வரிசை முழுதுமே டெம்ப்ளர்களுக்கும் அசாசின்களுக்கும் இடையிலான தீராப் பகை என்ற தூணின் மேல் நிற்கிறது. நடந்தது வேறு. மஸ்யாஃபுக்காரர்கள் டெம்ப்ளர்களுக்கு ஆண்டுக்கு 2,000 பொற்காசு கப்பம் கட்டினார்கள். 1173இல் சினான், ஜெருசலேம் அரசர் அமால்ரிக்கிடம் சமாதானம் பேசத் தூதர் அனுப்பினார். திரும்பும் வழியில் அந்தத் தூதரை வால்டர் என்ற ஒற்றைக்கண் டெம்ப்ளர் வீரன் கொன்றான். ஒப்பந்தம் நடந்தால் கப்பம் நின்றுவிடும் என்பதே காரணமாகச் சொல்லப்பட்டது. கொதித்துப்போன அரசர் அவனைப் பிடித்துத் தீரு நகரத்தில் சிறையில் அடைத்தார்.

தங்களைக் கொள்ளையடித்தவர்களின் தலைவரை ஏன் இவர்கள் கொல்லவில்லை? பதின்மூன்றாம் நூற்றாண்டில் பிரெஞ்சு அரசர் ஒன்பதாம் லூயியோடு அக்கோவில் இருந்த ழுவான்வில் அதற்கு விடை எழுதியிருக்கிறார்: டெம்ப்ளர்களின் தலைவரான ஒரு மாஸ்டரைக் கொன்றால் உடனே அதே தரத்தில் இன்னொருவரை உட்கார வைத்துவிடுவார்கள், அதனால் பயனில்லை. அரசரைக் கொன்றால் நாடு ஆடும். அமைப்பின் தலைவரைக் கொன்றால் நாற்காலியில் ஆள் மாறுவார், அவ்வளவுதான். கூர்மையான அரசியல் அறிவு இது. விளையாட்டிலோ ராபர்ட் த சாப்லேயை அர்சூஃப் போர்க்களத்தில் 1191இல் அல்தாயிர் கொல்கிறான். உண்மையான ராபர்ட் 1193 வரை உயிரோடு இருந்தார். இவர்களுக்கு அவரைக் கொல்லக் காரணமே இல்லை.

உண்மையில் இவர்கள் கையால் விழுந்த பெரிய சிலுவைப் போர்த் தலைவர் மான்ஃபெராட்டின் கான்ராட். விளையாட்டில் கொல்லப்படுபவர் அவருடைய அப்பா வில்லியம். எல்லோரும் அறிந்த கொலையை விட்டு அப்பாவுக்கு ஏன் மாறினார்கள் என்று யோசித்தால், 1191 என்ற சட்டத்துக்குள் மகன் அடங்கவில்லை என்று தோன்றுகிறது. கான்ராட் இறந்தது 1192 ஏப்ரல் 28. ஜெருசலேமின் அரசராகத் தேர்வாகிச் சில நாள்தான் ஆகியிருந்தது. மனைவி இசபெல்லா குளித்து வரத் தாமதமானதால், சாப்பிடலாம் என்று போவே ஆயர் வீட்டுக்குப் போனார். ஆயரோ ஏற்கெனவே சாப்பிட்டு முடித்திருந்தார். திரும்பும் வழியில் தீருவின் குறுகிய தெருவில் துறவி வேடத்தில் இருவர் குத்தினார்கள். பழி ரிச்சர்ட் மேலும் விழுந்தது, சலாஹுத்தீன் மேலும் விழுந்தது. அந்த ஆண்டு இறுதியில் ஊர் திரும்பும் வழியில் ரிச்சர்ட் வியன்னா அருகே சிறைப்பட்டபோது இந்தக் கொலையும் குற்றச்சாட்டாக வந்தது. கொலை நடந்த ஒரு வாரத்தில் இசபெல்லாவை மணந்து ஆட்சிக்கு வந்தவர்தான் பின்னால் கஹ்ஃப் கோட்டைக்கு விருந்தாளியாகப் போன ஹென்றி. முன்னவரைக் கொன்றவர்களின் வீட்டில் பின்னவர் விருந்து சாப்பிட்டார். இதைவிட நல்ல திரைக்கதையை எந்த நிறுவனம் எழுத முடியும்?

மஸ்யாஃப் கோட்டைக்குப் பின்னால் விளையாட்டு ஒரு பூந்தோட்டம் வைத்திருக்கிறது, பெண்கள் உலவுகிறார்கள். இது மார்க்கோ போலோவின் புத்தகத்திலிருந்து வந்தது. இளைஞர்களுக்குப் போதை கொடுத்து, தோட்டத்தில் கண்விழிக்க வைத்து, இதுதான் சொர்க்கம் என்று நம்பவைத்துக் கொலைக்கு அனுப்புவார் கிழவர் என்பது அவர் சொன்ன கதை. அவர் பாரசீகத்தைக் கடந்த காலத்தில் அலமூத் விழுந்து ஏறத்தாழ 15 ஆண்டு ஓடிவிட்டது. இஸ்மாயிலிகளைக் கடுமையாக எதிர்த்த அக்காலத்து முஸ்லிம் வரலாற்றாசிரியர்கள்கூட இப்படிப் போதை கொடுத்ததாக எழுதவில்லை. ஆனாலும் கதை நிற்கவில்லை. ஸ்லோவேனிய எழுத்தாளர் விளாதிமிர் பார்த்தோல், தம் காலத்துச் சர்வாதிகாரிகளை மனத்தில் வைத்து 1938இல் 'அலமூத்' நாவலை எழுதினார்; தோட்டம் அதிலும் உண்டு. விளையாட்டின் ஊற்று அந்த நாவல். அல்தாயிருக்குப் போதை கொடுக்காமல், அவனைக் கேள்வி கேட்கிறவனாக ஆக்கியதற்காக விளையாட்டைச் செய்தவர்களுக்கு நன்றி சொல்வேன். தோட்டத்தையும் எடுத்திருக்கலாம்.

தோட்டத்துக்குப் பதிலாக வைத்திருக்க வேண்டியது நூலகத்தை. அலமூத்தின் நூலகம் அந்தக் காலத்தில் புகழ்பெற்றது. வானியலும் கணிதமும் தெரிந்த நசீருத்தீன் தூசி இந்தக் கோட்டைகளில் பல ஆண்டு தங்கி எழுதினார். ஒழுக்கவியல் பற்றிய அவருடைய முக்கிய நூல் ஒரு இஸ்மாயிலி ஆளுநருக்காக எழுதியது. 1256இல் மங்கோலியத் தளபதி ஹுலாகுவின் படை சூழ, அலமூத்தை ஆண்ட கடைசி இமாம் ருக்னுத்தீன் குர்ஷா சரணடைந்தார். அடுத்த ஆண்டு கொல்லப்பட்டார். ஹுலாகுவோடு வந்த வரலாற்றாசிரியர் ஜுவைனி நூலகத்தைப் பார்வையிட்டு, குர்ஆன் பிரதிகளையும் வானியல் கருவிகளையும் சில நூல்களையும் எடுத்துக்கொண்டு, மதக் கொள்கை சார்ந்த மற்றவற்றை எரித்தார். அதைத் தாமே பெருமையோடு எழுதியும் வைத்தார். ஒரு சமூகத்தின் சொந்தச் சொற்கள் எரிந்துபோய் அதன் எதிரிகளின் சொற்கள் மட்டும் மிஞ்சினால் என்ன ஆகும் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம். பூந்தோட்டக் கதை எழுநூறு ஆண்டு உயிரோடு இருந்தது அதனால்தான்.

அவர்கள் அழியவில்லை. பாரசீகத்தில் மறைந்தும் மாறியும் வாழ்ந்தார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அவர்களுடைய இமாம் ஹசன் அலி ஷா, முதலாம் ஆகா கான், பாரசீக அரசோடு முரண்பட்டு ஆப்கானிஸ்தான், சிந்து வழியாகப் பம்பாய்க்கு வந்து சேர்ந்தார். அங்கிருந்த கோஜா வணிகர்களில் ஒரு பகுதியினர் அவருடைய உரிமையை எதிர்த்து வழக்குப் போட, 1866இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தில் நீதிபதி ஜோசப் அர்னால்ட் தீர்ப்பளித்தார். அலமூத்தின் வரலாறு அந்தத் தீர்ப்புக்குள் விரிவாகப் பேசப்பட்டது. ஆகா கானே அந்த வழியின் வாரிசு என்பது முடிவு. பம்பாயின் மஜ்காவ் பகுதியில் ஹசனாபாத்தில் அவருடைய சமாதி இருக்கிறது.

காந்தியை 1942இல் சிறைவைத்த புணே ஆகா கான் மாளிகையை நம் எல்லோருக்கும் தெரியும்; மகாதேவ் தேசாயும் கஸ்தூர்பாவும் அங்கேதான் இறந்தார்கள். அந்த மாளிகையைக் கட்டிய மூன்றாம் ஆகா கான் அலமூத் தலைவர்களின் வழிவந்தவர் என்று வகுப்பில் சொல்லும்போது பிள்ளைகள் நம்ப மறுப்பார்கள். தில்லி ஹுமாயூன் சமாதியைப் புதுப்பித்ததும் அதே வழியினர் நிறுவிய அறக்கட்டளை. சிரியாவில் மஸ்யாஃப் கோட்டையின் சுவர்களைச் சீர்செய்ததும் அவர்கள்தான். விளையாட்டு வெளிவருவதற்குச் சில ஆண்டு முன்பே அந்தப் பணி தொடங்கிவிட்டது.

விளையாட்டை ஆடும் தம்பி தங்கைகளிடம் கேட்பது ஒன்று. ஆடுங்கள், அலுக்கும்வரை ஆடுங்கள். நீங்கள் ஏறிக் குதிக்கும் கோட்டைக்கு உரியவர்கள் பல நாடுகளில் இன்றும் வாழ்கிறார்கள். அவர்களுடைய வரலாற்றை அவர்கள் தரப்பிலிருந்தும் எழுதியிருக்கிறார்கள். ஃபர்ஹாத் தஃப்தரியின் நூல்கள் ஆங்கிலத்தில் கிடைக்கின்றன. அவற்றில் ஒன்றையாவது எடுத்துப் படியுங்கள்.